வரலாற்று ஆய்வு நூல்களைப் பற்றி விக்கிப்பீடியாவில் கூடி எழுதுவது எப்படி? முழுமையான வழிகாட்டி

தமிழ் விக்கிப்பீடியாவில் அரசர்களுக்குக் கட்டுரை உண்டு, போர்களுக்கு உண்டு, கோயில்களுக்கு ஏராளமாக உண்டு. ஆனால் அந்த அரசர்களையும் கோயில்களையும் பற்றி நமக்கு எடுத்துச் சொன்ன ஆய்வு நூல்களைத் தேடிப் போனால் பெரும்பாலும் ஏமாற்றம்தான். கட்டுரையே இருக்காது. இருந்தால் நான்கு வரி: நூலின் பெயர், ஆசிரியர், பதிப்பகம், ‘இது ஒரு சிறந்த நூல்’.

இதை ஒரு பெரிய குறையாகவே நினைக்கிறேன். சோழர் பற்றிய கட்டுரையைப் படிக்கும் ஒரு கல்லூரி மாணவர் அடிக்குறிப்பில் ‘நீலகண்ட சாஸ்திரி, தி சோழாஸ்’ என்று பார்க்கிறார். அந்த நூலின் முதல் தொகுதி 1935இல் வந்தது, இரண்டாம் தொகுதி 1937இல் வந்தது, 1955இல் திருத்திய பதிப்பு வந்தது, அதன் பிறகு அதிலுள்ள முக்கியமான முடிவுகள் பலமுறை கேள்வி கேட்கப்பட்டன என்பதெல்லாம் அவருக்கு எங்கிருந்து தெரியும்? நூலுக்கு ஒரு நல்ல கட்டுரை இருந்தால் ஒரு சொடுக்கில் தெரிந்துவிடும்.

இத்தகைய கட்டுரையைத் தனி ஆளாக எழுதுவது கடினம். ஒருவரிடம் நூல் இருக்கும், ஆய்விதழ்கள் இருக்காது. இன்னொருவருக்குப் பல்கலைக்கழக நூலகம் பக்கத்திலேயே இருக்கும், விக்கி நுட்பம் தெரியாது. மூன்றாமவர் அழகாகத் தமிழ் எழுதுவார், ஆனால் சோழர் ஆட்சி பற்றிய விவாதம் அவருக்குப் புதிது. மூவரும் ஒரே பேச்சுப் பக்கத்தில் (ஒவ்வொரு கட்டுரையோடும் இருக்கும் உரையாடல் பக்கம்) சேர்ந்தால் கட்டுரை உருவாகும். எப்படிச் சேர்வது, எந்த வரிசையில் செய்வது என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

எல்லா இடத்திலும் ஒரே நூலை எடுத்துக்காட்டாக வைத்துக்கொள்கிறேன். அமெரிக்க வரலாற்றாசிரியர் பர்ட்டன் ஸ்டைன் எழுதி, 1980இல் தில்லி ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழக அச்சகம் வெளியிட்ட ‘பெசன்ட் ஸ்டேட் அண்ட் சொசைட்டி இன் மிடீவல் சவுத் இந்தியா’. இடைக்காலத் தென்னிந்தியாவின் உழவர் சமூகத்தையும் அரசையும் பற்றியது. இந்த நூலைச் சுற்றிப் பல ஆண்டுகள் வாதம் நடந்தது என்பதால், ஒரு நூல் கட்டுரையில் வரக்கூடிய சிக்கல்கள் அனைத்தும் இதில் இருக்கின்றன.

படி 1: நூல் கட்டுரைக்குத் தகுதியானதா?

எல்லா நூலுக்கும் கட்டுரை எழுத முடியாது. விக்கியில் இதைக் குறிப்பிடத்தக்கமை என்பார்கள். நூல் நல்லதா கெட்டதா என்பது இங்கே கேள்வி இல்லை. ஆசிரியருக்கும் பதிப்பகத்துக்கும் தொடர்பில்லாதவர்கள் அதைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார்களா என்பதே கேள்வி. ஆய்விதழ்களில் குறைந்தது இரண்டு சுதந்திரமான மதிப்புரைகளாவது கையில் இருந்தால் தைரியமாகத் தொடங்கலாம். பின்னட்டை வாசகம், முன்னுரையில் வரும் பாராட்டு, வெளியீட்டு விழாச் செய்தி, இணையக் கடையின் நட்சத்திரங்கள் இவை எதுவும் கணக்கில் வராது.

ஸ்டைன் நூலுக்கு இந்தச் சோதனை எளிது. 1981இலேயே வரலாற்றாசிரியர் ஆர். சம்பகலட்சுமி ‘இந்தியன் எகனாமிக் அண்ட் சோஷியல் ஹிஸ்டரி ரிவியூ’ இதழில் ஒரு மதிப்புரைக் கட்டுரையே எழுதினார். அதன் பிறகு சோழர் அரசைப் பற்றி எழுதிய யாரும் இந்த நூலைத் தொடாமல் போனதில்லை என்றே சொல்லலாம்.

தமிழிலேயே எழுதப்பட்ட நூல்களுக்கு வேறு மாதிரி தேட வேண்டும். தி. வை. சதாசிவ பண்டாரத்தாரின் ‘பிற்காலச் சோழர் சரித்திரம்’ போன்ற நூலுக்கு ஆங்கில ஆய்விதழில் மதிப்புரை தேடிக்கொண்டிருந்தால் கை வெறுமையாகத்தான் திரும்பும். மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் ‘செந்தமிழ்’, கரந்தைத் தமிழ்ச் சங்கத்தின் ‘தமிழ்ப் பொழில்’, ‘செந்தமிழ்ச் செல்வி’ ஆகிய இதழ்களின் பழைய தொகுதிகளைப் புரட்டுங்கள். பிற்காலத்தவர்களுக்குத் தமிழகத் தொல்லியல் கழகத்தின் ‘ஆவணம்’ இதழ் இருக்கிறது. பின்னால் வந்த ஆய்வாளர்கள் அந்த நூலை ஏற்றும் மறுத்தும் எழுதிய பகுதிகளும் சான்றுகளே. பெயரைச் சும்மா சொல்லிவிட்டுப் போவது போதாது, இரண்டு மூன்று பத்தியாவது விவாதித்திருக்க வேண்டும்.

படி 2: இருக்கிற கட்டுரையைப் படித்துக் குறை எழுதுங்கள்

கணக்கு உருவாக்குவது, மணல்தொட்டியில் (எழுதிப் பழகுவதற்கான பக்கம்) பழகுவது எல்லாம் ஒரு மாலை வேலை, அதில் நேரம் செலவிட வேண்டாம். கட்டுரை ஏற்கெனவே இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். நூலின் பெயர் வேறு எழுத்துக்கூட்டலிலும் இருக்கலாம், எனவே ஆசிரியரின் பெயரை வைத்தும் தேடுங்கள்.

இருந்தால், உடனே ‘தொகு’ என்பதை அழுத்தாமல் கட்டுரையில் நடந்த மாற்றங்களைக் காட்டும் வரலாற்றுப் பக்கத்தைத் திறந்து யார் எப்போது எழுதினார்கள் என்று பாருங்கள். முதலில் எழுதியவர் இன்னும் இயங்கிக்கொண்டிருந்தால் அவருடைய பேச்சுப் பக்கத்தில் ஒரு வணக்கம் சொல்லி, இந்தக் கட்டுரையை மேம்படுத்த நினைக்கிறோம், நீங்களும் வர முடியுமா என்று கேளுங்கள். பல ஆண்டுகளுக்கு முன் நான்கு வரி போட்டுவிட்டுப் போனவர், அந்த நூலை அலமாரியில் வைத்திருப்பவராகவே இருக்கக்கூடும்.

அப்புறம் கட்டுரையின் பேச்சுப் பக்கத்தில் குறைகளை எழுதுங்கள். நூல் கட்டுரைகளில் திரும்பத் திரும்பக் கண்ணில் படுபவை இவை: பதிப்பகத்தின் விளம்பர வாசகம் அப்படியே இருக்கும். உள்ளடக்கப் பட்டியல் அத்தியாயம் அத்தியாயமாக ஒட்டப்பட்டிருக்கும். நூலைப் பற்றிச் சொல்ல வேண்டிய இடத்தில் இராசராசனின் வரலாறு ஓடிக்கொண்டிருக்கும். மதிப்புரை என்று ஒன்றுமே இருக்காது, அல்லது பாராட்டு மட்டும் இருக்கும். ஆங்கிலக் கட்டுரையை எந்திரத்தில் போட்டு எடுத்த வாக்கியங்கள் இருக்கும். எந்தப் பத்தியில் எந்தக் குறை என்று குறிப்பாக எழுதுங்கள். ‘கட்டுரை சரியில்லை’ என்ற ஒற்றை வரியால் யாருக்கும் பயனில்லை.

படி 3: வேலையைப் பிரித்துக்கொள்ளுங்கள்

மூன்று முதல் ஐந்து பேர் போதும். தமிழ் விக்கியின் பொது உரையாடல் பக்கமான ஆலமரத்தடியில் ஒரு அறிவிப்பு போட்டால், ஆர்வமுள்ளவர்கள் வருவார்கள். வரலாற்றுத் துறை ஆசிரியர்களையும் முனைவர் பட்ட மாணவர்களையும் நேரில் அழைப்பது இன்னும் நல்லது. அவர்கள் ஆய்வுக்காக ஏற்கெனவே படித்துவிட்ட மதிப்புரைகளைத்தான் நாம் தேடிக்கொண்டிருப்போம்.

பேச்சுப் பக்கத்தில் ‘பணிப் பகிர்வு’ என்று ஒரு தலைப்பு போட்டு, யார் எதைச் செய்கிறார்கள் என்று எழுதுங்கள். நான் விரும்பும் பிரிப்பு இது. ஒருவர் நூலை முழுதாகப் படித்து வாதத்தைச் சுருக்குவார். ஒருவர் மதிப்புரைகளைத் தேடித் திரட்டுவார். ஒருவர் பதிப்பு விவரம், ஆசிரியர் பின்னணி, தகவல்சட்டம் (கட்டுரையின் ஓரத்தில் வரும் விவரப் பெட்டி), பகுப்புகளைப் பார்ப்பார். கடைசி ஒருவர் எதையும் எழுதாமல், மற்றவர்கள் எழுதியதைச் சான்றோடு ஒப்பிட்டுப் பார்ப்பார். இந்த நான்காவது வேலைக்குத்தான் ஆள் கிடைப்பது கடினம். அது இல்லாத கட்டுரையின் மேல் எனக்கு நம்பிக்கை வருவதில்லை.

பெரிய மாற்றங்கள் செய்யும்போது, ‘இக்கட்டுரை தொகுக்கப்பட்டு வருகிறது’ என்று சொல்லும் வார்ப்புருவை (ஆயத்தமாக இருக்கும் அறிவிப்புப் பலகை) மேலே இடுங்கள், முடிந்ததும் எடுத்துவிடுங்கள். இரண்டு பேர் ஒரே நேரத்தில் ஒரே பத்தியைத் தொகுத்தால் தொகுத்தல் முரண்பாடு வந்து ஒருவருடைய உழைப்பு வீணாகும். ஒவ்வொரு தொகுப்புக்கும், அதாவது நீங்கள் செய்து சேமிக்கும் ஒவ்வொரு மாற்றத்துக்கும், சுருக்கக் குறிப்பு எழுதுங்கள்: ‘மதிப்புரைப் பகுதி சேர்ப்பு, சம்பகலட்சுமி 1981’ என்று எழுதினால் போதும். பேச்சுப் பக்கத்தில் எழுதும்போது மறக்காமல் ஒப்பமிடுங்கள். வாட்சப் குழுவில் பேசி முடிவெடுப்பது வேகமாகத் தோன்றும். ஆனால் ஏன் அப்படி முடிவெடுத்தோம் என்பது அடுத்து வருபவருக்குத் தெரியாமல் போய்விடும். எனவே வெளியில் பேசினாலும் முடிவைப் பேச்சுப் பக்கத்தில் பதிவு செய்யுங்கள்.

கல்லூரியில் ஒரு நாள் தொகுத்தல் நிகழ்ச்சியாக நடத்துவதானால் ஒரு எச்சரிக்கை: ஒரே இணைய இணைப்பிலிருந்து ஒரு நாளில் சில புதிய கணக்குகளைத்தான் உருவாக்க முடியும். மாணவர்களை முந்தைய நாளே வீட்டிலிருந்து கணக்கு தொடங்கி வரச் சொல்லிவிடுங்கள்.

படி 4: சான்றுகளைத் திரட்டுங்கள்

முதலில் நூலே வேண்டும். முன்தோற்றமோ பின்னட்டையோ போதாது. சென்னையில் கன்னிமாரா பொது நூலகம், ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம், தஞ்சையில் தமிழ்ப் பல்கலைக்கழக நூலகம் இவற்றில் தேடலாம். இணையத்தில் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகமும் இன்டர்நெட் ஆர்க்கைவும் இருக்கின்றன. ஈழத்து நூல்களுக்கும் இதழ்களுக்கும் ‘நூலகம்’ தளத்துக்கு இணையாக வேறொன்றும் இல்லை. நாட்டுடைமையாக்கப்பட்ட தமிழ் நூல்கள் பல விக்கிப்பீடியாவின் உடன்பிறப்புத் தளமான விக்கிமூலத்திலேயே கிடைக்கும். கட்டுரையிலிருந்து நேரடியாக அந்த நூலின் பக்கத்துக்கே இணைப்பு கொடுக்கலாம் என்பது எவ்வளவு பெரிய வசதி!

மதிப்புரைகளுக்கு ஆய்விதழ்கள் வேண்டும். தென்னிந்திய வரலாற்று நூல்களுக்கு ‘ஜர்னல் ஆஃப் ஏசியன் ஸ்டடீஸ்’, ‘ஜர்னல் ஆஃப் தி அமெரிக்கன் ஓரியண்டல் சொசைட்டி’, லண்டன் கீழைத்தேய ஆய்வுப் பள்ளியின் ‘புல்லட்டின்’, மேலே சொன்ன பொருளாதார சமூக வரலாற்று இதழ், ‘எகனாமிக் அண்ட் பொலிட்டிகல் வீக்லி’ ஆகியவற்றைப் பாருங்கள். பெரும்பாலானவை கட்டணச் சுவருக்குப் பின்னால் இருக்கும். இங்கேதான் பலர் கைவிட்டுவிடுகிறார்கள். விக்கிப்பீடியா நூலகம் என்ற ஏற்பாடு இருப்பது நம்மில் பலருக்குத் தெரியாது. கணக்கு தொடங்கி 6 மாதம் ஆகி, மொத்தம் 500 தொகுப்புகளும் கடந்த 30 நாளில் 10 தொகுப்புகளும் செய்திருந்து, தடை ஏதும் இல்லாதிருந்தால், பல ஆய்விதழ்த் தொகுப்புகளை இலவசமாகப் படிக்கலாம். குழுவில் ஒருவருக்கு இந்தத் தகுதி இருந்தாலும் போதும், அவர் படித்துக் குறிப்பெடுத்துத் தருவார்.

கிடைத்த ஒவ்வொரு மதிப்புரைக்கும் பேச்சுப் பக்கத்தில் ஒரு வரி எழுதுங்கள்: யார், எந்த இதழ், எந்த ஆண்டு, பக்கம், முதன்மையாக என்ன சொல்கிறார். மதிப்புரையை அப்படியே நகலெடுத்து ஒட்டாதீர்கள், பேச்சுப் பக்கத்திலும் பதிப்புரிமை உண்டு.

படி 5: நூலின் வாதத்தை எழுதுங்கள்

கட்டுரையின் உயிர் இங்கேதான் இருக்கிறது, எனவே கொஞ்சம் நின்று பேசுகிறேன்.

வரலாற்று நூல் என்பது தகவல் மூட்டை இல்லை. அது ஒரு கேள்விக்கு ஒருவர் சொன்ன பதில். எனவே அத்தியாயச் சுருக்கத்திலிருந்து தொடங்காதீர்கள். ஆசிரியர் எந்தக் கேள்வியை எழுப்பினார், அவருக்கு முன் என்ன பதில் இருந்தது, அவர் என்ன பதில் சொன்னார், எதை ஆதாரமாகக் காட்டினார் என்ற வரிசையில் எழுதுங்கள்.

ஸ்டைன் நூலுக்கு இதைச் செய்து பார்ப்போம். அவருக்கு முன் இருந்த படம் நீலகண்ட சாஸ்திரி தீட்டியது: பேரரசர், அவருக்குக் கீழே ஒழுங்கான அதிகாரிகள் அமைப்பு, அடியில் துடிப்பான ஊராட்சி. மையத்தில் வலுவான பேரரசும் ஊரில் அவ்வளவு தன்னாட்சியும் எப்படி ஒன்றாக இருந்திருக்க முடியும் என்று ஸ்டைன் கேட்டார். ஆப்பிரிக்காவின் ஆலூர் மக்களைப் பற்றி மானிடவியலாளர் எய்டன் சவுத்தால் செய்த ஆய்விலிருந்து ‘செக்மென்டரி அரசு’ என்ற கருத்தை எடுத்துக்கொண்டார். அதாவது பல கூறுகள் சேர்ந்த அரசு: ஒவ்வொரு கூறும் தன்னளவில் ஏறக்குறைய முழுமையானது, மைய அரசனின் தலைமையைச் சடங்கு அளவில் ஏற்றுக்கொள்ளும். ஸ்டைனைப் பொறுத்தவரை அந்த அடிப்படைக் கூறு ‘நாடு’, அதாவது பல ஊர்கள் சேர்ந்த சிறு வட்டாரம். பிராமணருக்கும் நிலமுடைய உழவருக்கும் இடையிலான கூட்டு, வலங்கை இடங்கை என்ற சாதிப் பிரிவுகள், விசயநகர கால மாற்றங்கள் என்று நூல் விரிகிறது. நாடுகளின் எல்லைகளுக்கு அவர் நம்பியது எ. சுப்பராயலு 1973இல் வெளியிட்ட சோழ நாட்டு அரசியல் புவியியல் ஆய்வை.

இப்படி எழுதினால், நூலைப் படிக்காதவருக்கும் அதன் எலும்புக்கூடு புரியும். நீளம் மூன்று நான்கு பத்தி போதும்.

எழுதும்போது ஒரு கட்டுப்பாடு முக்கியம். நூலாசிரியரின் கருத்தை விக்கிப்பீடியாவின் கருத்தாக எழுதக்கூடாது. ‘சோழ அரசர்களுக்குக் காவிரிச் சமவெளிக்கு வெளியே உண்மையான அதிகாரம் இல்லை’ என்று எழுதினால் அது விக்கி சொல்வதாகிவிடும். ‘சோழ அரசர்களின் நேரடி அதிகாரம் மையப் பகுதிகளுக்கு உட்பட்டே இருந்தது என்றும், வெளியே அவர்களுடைய தலைமை பெரும்பாலும் சடங்கு சார்ந்தது என்றும் ஸ்டைன் வாதிடுகிறார்’ என்று எழுதுங்கள். ‘வாதிடுகிறார்’, ‘கருதுகிறார்’, ‘மறுக்கிறார்’ என்ற வினைகளைத் தாராளமாகப் பயன்படுத்தலாம். ‘நிரூபிக்கிறார்’, ‘அம்பலப்படுத்துகிறார்’ வேண்டாம். அவை தீர்ப்பு சொல்லும் வினைகள்.

கருத்தாக்கப் பெயர்களை எப்படித் தமிழில் தருவது என்பதில் குழுவுக்குள் நீண்ட சர்ச்சை வரும். தமிழில் எழுதிய வரலாற்றாசிரியர்கள் எதைப் பயன்படுத்தினார்களோ அதை எடுத்துக்கொள்ளுங்கள். நீங்களே புதிதாக உருவாக்க வேண்டாம். ‘இராசராசன்’, ‘ராஜராஜன்’ போன்ற எழுத்துக்கூட்டல் சண்டைக்கும் இதே பதில்தான்: கட்டுரை முழுவதும் ஒன்றாக இருக்கட்டும், மற்றதைத் தேடுபவரும் இங்கேயே வந்து சேர வழிமாற்று போட்டுவிடுங்கள், மேலே போங்கள்.

படி 6: வரவேற்பும் மறுப்பும்

நூல் கட்டுரைகளில் மிக மோசமாக எழுதப்படும் பகுதி இது. ‘இந்நூலை சம்பகலட்சுமி விமர்சித்தார். கராஷிமா விமர்சித்தார். கேசவன் வெளுத்தாட்டும் விமர்சித்தார்’ என்று பெயர் வரிசை மட்டும் இருக்கும். என்ன சொன்னார்கள், ஏன் சொன்னார்கள் என்று இருக்காது.

ஆட்களை வைத்துப் பிரிக்காமல் வாதப் பொருளை வைத்துப் பிரியுங்கள். ஸ்டைன் நூலைச் சுற்றி எழுந்த கேள்விகளை இப்படி அடுக்கலாம். முதல் கேள்வி, அதிகாரிகள் அமைப்பு இருந்ததா இல்லையா என்பது. ஜப்பானிய வரலாற்றாசிரியர் நொபோரு கராஷிமாவும் சுப்பராயலுவும் கல்வெட்டுகளில் வரும் அதிகாரிப் பட்டங்களையும் ‘புரவுவரித் திணைக்களம்’ போன்ற வருவாய்த் துறைப் பெயர்களையும் காட்டினார்கள். இராசராசன் காலத்தில் நில அளவை நடந்தது, பழைய நாடுகளின் மேல் வளநாடுகள் என்ற புதிய பிரிவுகள் ஏற்பட்டன. மைய அரசுக்கு வெறும் சடங்குத் தலைமைதான் இருந்தது என்றால் இவை எப்படி நடந்தன என்பது அவர்கள் கேள்வி. ஸ்டைன் நம்பிய வரைபடத்தைத் தந்த சுப்பராயலுவே எதிர்வாதத்தின் முன்வரிசையில் இருந்தார் என்பதைக் கட்டுரையில் ஒரு வரியில் சொல்லலாம், வாசகருக்கு விவாதத்தின் வடிவம் பளிச்சென்று தெரியும்.

இரண்டாவது, உழவர் சமூகம் ஒரே சீரானதா என்பது. கராஷிமா திருச்சி அருகே அல்லூர், ஈசானமங்கலம் என்ற இரண்டு ஊர்களின் கல்வெட்டுகளை ஒப்பிட்டு, பிராமணருக்குக் கொடையாகத் தரப்பட்ட பிரம்மதேய ஊரிலும் பிற ஊரிலும் நில உரிமை வேறுபட்டிருந்ததைக் காட்டியவர். சோழர் ஆட்சியின் பிற்பகுதியில் நில உரிமையே மாறிக்கொண்டிருந்தது என்பதும் அவர் ஆய்வு. அவர் கட்டுரைகளின் தொகுப்பு 1984இல் வந்தது. மூன்றாவது, ஆப்பிரிக்கச் சமூகம் ஒன்றிலிருந்து எடுத்த மாதிரி தென்னிந்தியாவுக்குப் பொருந்துமா என்பது.

மறுப்பை மட்டும் எழுதி நிறுத்திவிடக்கூடாது. இந்த நூல் வந்த பிறகு சோழர் அரசு எப்படி இயங்கியது என்ற கேள்வியே புதிய கூர்மை பெற்றது, எதிர்த்தவர்களும் அதற்குப் பதில் சொல்லித்தான் தங்கள் ஆய்வை வளர்த்தார்கள். ஹெர்மன் குல்கே 1995இல் தொகுத்த இடைக்கால இந்திய அரசு பற்றிய நூலில் ஸ்டைனின் மாதிரி மற்ற மாதிரிகளுக்கு நடுவே வைத்துப் பார்க்கப்படுகிறது. இப்படிப்பட்ட பிற்காலத் தொகுப்பு நூல்கள்தான் எந்த விமர்சனத்துக்கு எவ்வளவு இடம் கொடுப்பது என்று முடிவெடுக்க உதவும். பத்து அறிஞர்கள் சொன்ன கருத்துக்கும் ஒருவர் மட்டும் சொன்ன கருத்துக்கும் சம இடம் கொடுப்பது நடுநிலை ஆகாது.

உங்கள் சொந்தக் கருத்துக்கு இங்கே இடமில்லை. இரண்டு மதிப்புரைகளைப் படித்துவிட்டு, ‘எனவே ஸ்டைனின் கோட்பாடு தோற்றது’ என்று முடிவு எழுதினால், அது சொந்த ஆய்வு. அந்த முடிவை அச்சில் சொன்ன ஓர் அறிஞர் இருந்தால் அவர் பெயரோடு எழுதுங்கள், இல்லையென்றால் விட்டுவிடுங்கள்.

படி 7: மேற்கோள்கள்

பக்க எண் இல்லாத மேற்கோளை வரலாற்று நூல் கட்டுரையில் ஏற்றுக்கொள்ளவே கூடாது என்பது என் நிலைப்பாடு. நூற்றுக்கணக்கான பக்கங்கள் உள்ள நூலைக் காட்டி ‘ஸ்டைன், 1980’ என்று மட்டும் எழுதினால், சரிபார்க்க வருபவர் எங்கே போய்த் தேடுவார்?

எந்தப் பதிப்பைப் பார்த்தீர்கள் என்பதையும் எழுதுங்கள். சாஸ்திரியின் நூலில் 1935 பதிப்பின் பக்க எண் 1955 பதிப்பில் பொருந்தாது, கருத்தே சில இடங்களில் மாறியிருக்கும். தமிழ் மொழிபெயர்ப்பைப் பார்த்தீர்கள் என்றால் அதையே மேற்கோள் காட்டுங்கள். ஆங்கில மூலத்தைப் பார்த்ததாகக் காட்டக்கூடாது. ஒருவர் நூலை இன்னொருவர் நூல் வழியாகத்தான் படித்தீர்கள் என்றால், இன்னார் நூலில் மேற்கோள் காட்டியபடி என்று சேர்த்துவிடுங்கள்.

நுட்பம் பெரிய விசயம் இல்லை. காட்சித் தொகுப்பியில் மேற்கோள் பொத்தானை அழுத்தி, ஆய்விதழ்க் கட்டுரையை இணையத்தில் அடையாளம் காட்டும் டிஓஐ எண்ணையோ நூலின் ஐஎஸ்பிஎன் எண்ணையோ இட்டால் பெரும்பாலும் விவரம் தானாக நிரம்பும். நிரம்பியதை ஒருமுறை கண்ணால் பாருங்கள், மதிப்புரையாளரின் பெயருக்குப் பதில் நூலாசிரியரின் பெயர் வந்து உட்கார்ந்திருப்பது அடிக்கடி நடக்கும்.

ஆங்கில விக்கியிலிருந்து மொழிபெயர்க்கலாமா?

தாராளமாக. விக்கி உரிமம் அதை அனுமதிக்கிறது, ஆனால் எந்தக் கட்டுரையிலிருந்து மொழிபெயர்த்தீர்கள் என்பதைத் தொகுப்புச் சுருக்கத்தில் சொல்ல வேண்டும். உள்ளடக்க மொழிபெயர்ப்புக் கருவியில் செய்தால் அது தானாகவே பதிவாகும். 2009 முதல் சில ஆண்டுகள் கூகுள் மொழிபெயர்ப்புக் கருவி வழியாகத் தமிழ் விக்கிக்கு ஏராளமான கட்டுரைகள் வந்து, அவற்றைத் திருத்துவது பெரும் சுமையானதைப் பழைய பயனர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இன்றைய எந்திரங்கள் இன்னும் சரளமாக எழுதுகின்றன, ஆபத்து அதில்தான் இருக்கிறது. வாக்கியம் நன்றாக இருப்பதால் பொருள் மாறியிருப்பது கண்ணில் படாது. ஒரு வரலாற்றாசிரியர் மறுத்த கருத்தை அவருடைய கருத்தாகவே எந்திரம் எழுதிவிட்டால் அதைக் கண்டுபிடிக்க மூலத்தைப் படித்த ஒருவர் வேண்டும். ஆங்கிலக் கட்டுரையின் மேற்கோள்களையும் நீங்கள் திறந்து பார்த்த பிறகே கொண்டு வாருங்கள்.

சில நூல்களுக்கு இரண்டு மொழிகளிலும் வடிவம் இருக்கும். கா. இந்திரபாலாவின் இலங்கைத் தமிழர் வரலாற்று நூல் ஆங்கிலத்திலும் தமிழிலும் வந்தது. அதற்கு ஒரே கட்டுரை எழுதி, இரண்டு பதிப்பின் விவரத்தையும் உள்ளே கொடுங்கள்.

அட்டைப்படமும் பதிப்புரிமையும்

அட்டைப்படத்தை எல்லா விக்கிகளுக்கும் பொதுவான படக் கிடங்கான பொதுவகத்தில் ஏற்றாதீர்கள், நீக்கப்படும். நியாயப் பயன்பாட்டு விளக்கத்தோடு, குறைந்த அளவில், உள்ளூர் விக்கியில் ஏற்றி அந்த ஒரு கட்டுரையில் மட்டும் பயன்படுத்தலாம். இந்தியாவில் எழுத்தாளர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் பதிப்புரிமை உண்டு. சாஸ்திரி 1975இல் மறைந்தார், எனவே 2035 முடியும்வரை அவர் எழுத்துக்குப் பதிப்புரிமை இருக்கிறது. நேரடி மேற்கோள் இரண்டு மூன்று வாக்கியத்துக்கு மேல் போக வேண்டாம். ஆங்கில வாசகத்தை நீங்களே தமிழாக்கினால், அது உங்கள் மொழிபெயர்ப்பு என்று தெரியும்படி எழுதுங்கள்.

படி 8: கருத்து வேறுபாடு வந்தால்

வரும். சோழர் என்றால் கட்டாயம் வரும். ‘இராசராசனுக்கு அதிகாரமே இல்லை என்று எழுதியிருக்கிறீர்களே, இது தமிழருக்கு அவமானம்’ என்று ஒருவர் பத்தியையே நீக்குவார். அவர் கோபம் உண்மையானது, வரலாற்றின் மேல் உள்ள பற்றிலிருந்து வருவது. அதை மதித்தே பதில் சொல்லுங்கள்: ‘ஐயா, இது அந்த ஆசிரியரின் வாதம் மட்டுமே. இதை மறுத்தவர்களின் கருத்தும் அடுத்த பகுதியில் இருக்கிறது. அந்தப் பகுதியை வலுப்படுத்த உங்களிடம் சான்று இருந்தால் சேர்க்கலாம்.’ நீக்க வந்தவர் இப்படிப் பங்களிப்பாளராக மாறுவது உண்டு.

மாறாவிட்டால், மாற்றி மாற்றி மீளமைத்துக்கொண்டிருக்காதீர்கள். பேச்சுப் பக்கத்தில் சர்ச்சைக்குரிய வாக்கியத்தை வைத்து, சான்றை வைத்து, குழுவுக்கு வெளியே உள்ள இரண்டு பேரின் கருத்தைக் கேளுங்கள். தீராவிட்டால் நிர்வாகிகளை அழையுங்கள். குழுவாக இயங்கும்போது இன்னொரு கவனமும் தேவை: நாம் நான்கு பேர் முன்பே பேசி வைத்துக்கொண்டு ஒருவரை ஓட்டுப் போட்டு வீழ்த்துவது முறையல்ல. விக்கியில் சான்றுதான் பேச வேண்டும்.

நூலாசிரியரோ, அவருடைய மாணவரோ, பதிப்பகத்தாரோ குழுவில் இருந்தால் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். அவர்கள் விவரப் பிழைகளைப் பேச்சுப் பக்கத்தில் சுட்டிக்காட்டலாம், அரிய மதிப்புரைகள் எங்கே கிடைக்கும் என்று சொல்லலாம். வரவேற்புப் பகுதியை அவர்கள் எழுதக்கூடாது.

படி 9: மற்ற பக்கங்களோடு இணையுங்கள்

முன்னுரைப் பத்தியைக் கடைசியில் எழுதுங்கள். நூலின் பெயர், ஆசிரியர், ஆண்டு, முதன்மை வாதம், அதற்கு வந்த முதன்மை எதிர்வினை என நான்கைந்து வாக்கியம். கைபேசியில் படிக்கும் பலர் அதற்கு மேல் போக மாட்டார்கள்.

பிறகு கட்டுரைக்கு வெளியே போங்கள். ஆசிரியர் கட்டுரையிலும், சோழர் ஆட்சிமுறை, நாடு, பிரம்மதேயம் போன்ற கட்டுரைகளிலும் இந்த நூல் மேற்கோளாக வரும் இடங்களில் இணைப்பு கொடுங்கள். இணைப்பில்லாத கட்டுரையை யாரும் வந்தடைய மாட்டார்கள். பகுப்புகளைச் சேருங்கள், விக்கிகளின் பொதுத் தரவுத்தளமான விக்கித்தரவில் நூலுக்கும் ஆசிரியருக்கும் உருப்படி இருக்கிறதா என்று பாருங்கள். முதற்பக்கத்தின் ‘உங்களுக்குத் தெரியுமா?’ பகுதிக்கு ஒரு தகவலைப் பரிந்துரைத்தால், அங்கிருந்து புதிய வாசகர்கள் வருவார்கள். சுப்பராயலு பற்றிய அந்த ஒரு வரி அதற்கு நன்றாகப் பொருந்தும்.

குழுவிலுள்ள அனைவரும் கட்டுரையைக் கவனிப்புப் பட்டியலில் வைத்துக்கொள்ளுங்கள். பேச்சுப் பக்கத்தில் ‘இன்னும் செய்ய வேண்டியவை’ என்று ஒரு தலைப்பு போட்டு, கிடைக்காத மதிப்புரை, பார்க்க முடியாத பதிப்பு, சரிபார்க்காத பக்க எண் எல்லாவற்றையும் பட்டியலிட்டு ஒப்பமிடுங்கள். அந்த இதழ்த் தொகுதி யார் நூலகத்தில் இருக்கிறதோ அவர் அடுத்து வந்து அங்கிருந்தே தொடங்குவார்.